அவள் உன்னைப் பார்த்துத்தான் சிரித்தாள்

அன்புள்ள மகனுக்கு,

அப்பா எழுதுவது. நானும் அம்மாவும் நலம். உன் தங்கையும் நலம் என்று எழுதத்தான் கை வரவில்லை. போனில் என்றால் நான் கத்துவேன், நீ வைத்துவிடுவாய், அதனால்தான் கடிதம், கடைசி வரை படி.

போன வாரம் மெத்தைக் கடையில் வேலை முடிந்து வரும்போது எலக்ட்ரானிக்ஸ் கடைக்காரர் கூப்பிட்டு, உங்க பையன் எடுத்த வீடியோ, வந்து பாருங்க என்று மாட்டினால் அந்த இடத்திலேயே நிற்கிற மாதிரி காட்டுகிற அந்த வி.ஆர். கண்ணாடியை என் தலையில் மாட்டிவிட்டார். நீ லீவில் வந்தபோது அனிமே என்கிற ஜப்பான் கார்ட்டூன் ரசிகர்கள் வேஷம் போட்டுக் கூடின மண்டபத்தில் எடுத்தாயே, அதுதான். திரும்பின பக்கமெல்லாம் வாளும் இறக்கையுமாக வேஷங்கள், நன்றாகத்தான் எடுத்திருக்கிறாய், இல்லை என்று சொல்லவில்லை. கால் உடைந்து கிடந்த உன் தங்கையின் தோழி படுத்தபடியே மண்டபம் முழுக்கப் பார்த்தாளாம், அது நல்ல காரியம். ஆனால் அடுத்து என் பெண் வந்து நின்றாள். நான் துண்டு ஃபோமில் வெட்டி ஒட்டிக்கொடுத்த கவசத்தோடு, மூச்சுக்காற்று படுகிற தூரத்தில், தலையைச் சாய்த்துச் சிரித்தாள். தோள் வார் நழுவியிருந்தது, சரிசெய்யக் கையை நீட்டிவிட்டேன், கடையே சிரித்தது. எனக்குப் பின்னால் வரிசையில் ஆட்கள் வேறு. அது கேமராவுக்குப் பின்னால் அண்ணன் நிற்கிறான் என்று சிரித்த சிரிப்பு, பெற்றவனுக்குத் தெரியாதா? இப்போது கண்ணாடி மாட்டுகிறவன் எல்லாம் உன் இடத்தில் நிற்கிறான்.

முன்பெல்லாம் அந்தக் கூட்டத்தில் படம் எடுக்க வருகிறவர்கள் எடுத்துக்கலாமா என்று கேட்டு, தள்ளி நின்று எடுப்பார்கள். இந்த ஞாயிற்றுக்கிழமை எவனோ ஒருத்தன் அவள் மூஞ்சிக்கு நேரே வந்து, என்னைத் தெரியலையா, தினமும் என்னைப் பார்த்துச் சிரிக்கிறியே என்றானாம். தள்ளிப் போங்க என்றதற்கு அவனுக்குக் கோபம் வேறு. உன் வீடியோவால் அவனை அப்படித்தானே பழக்கி வைத்திருக்கிறாய்! அவள் கழிவறைக்குள் போய்த் தாழ் போட்டுக்கொண்டு அம்மாவுக்குப் போன் செய்து அழுதிருக்கிறாள். அதைச் சொன்ன அம்மாவிடம் நீ என்ன சொன்னாய்? வேஷம் போடுறதே நாலு பேர் பாக்கத்தானேம்மா, பெருசு பண்ணாதீங்க என்றாய். நாலு பேர் பார்க்கட்டும், யார் வேண்டாம் என்றது? மேலே வந்து நிற்கவா வேஷம் போட்டாள்? வெளியிடுவதற்கு முன் அவளிடம் ஒரு வார்த்தை கேட்டாயா? தங்கச்சிதானே, கேட்க என்ன இருக்கிறது என்கிற திமிர்தானே? அவள் வருகிற இடத்தை மட்டும் வெட்டி எடு, மற்றது இருக்கட்டும். வீடியோவைக் கண்ணாடியில் போட்ட கம்பெனி ஒத்துக்கொள்ளாது என்று என்னிடம் கதை விடாதே. எடுத்துவிட்டு அவளிடம் நீயே பேசு, மெசேஜ் அனுப்பிக் கைகழுவாதே.

நேரத்துக்குச் சாப்பிடு, விடிய விடிய திரையைப் பார்த்துக் கண்ணைக் கெடுத்துக்கொள்ளாதே. எவ்வளவு கோபம் இருந்தாலும் நீ நன்றாக இருக்க வேண்டும் என்றுதான் வேண்டிக்கொள்கிறேன். சொன்னதை மறக்காதே. நேற்று அவள் என்னிடம் வந்து, அடுத்த கூட்டத்துக்கு மூக்கும் வாயும் மறையுற மாதிரி ஒரு முகமூடி வெட்டிக் குடுப்பா என்றாள். கொடுத்தேன். அதை மாட்டிக்கொண்டு என் முன்னால் நின்று, இப்ப சிரிச்சாலும் தெரியாதுல்லப்பா என்று கேட்டாள்.

இப்படிக்கு,
உன் அப்பா