தட்டுகளோடு இறங்கியவள்

இன்று காலை மாடிப்படியில் எவர்சில்வர் தட்டுகள் உருளும் சத்தம். மொட்டைமாடியில் சாப்பிட்ட தட்டுகளை அடுக்கிக்கொண்டு இறங்கிய என் மகள், கால் தவறிப் படியில் உட்கார்ந்திருந்தாள். “பாத்து வரக் கூடாதா?” என்று கீழேயிருந்து அவள் அப்பா கத்தினார். எனக்கோ சட்டென்று உன் ஞாபகம். நீ போய் இத்தனை வருஷமாகியும், யாராவது விழுந்தால் முதலில் நீதான் வந்து நிற்கிறாய்.

மெடிக்கல் கோடிங் என்றால் என்னவென்று புனேயில் நம் வீடுகளில் யாருக்கும் தெரியாத காலம் அது. அமெரிக்க ஆஸ்பத்திரி சார்ட்டுகளைப் படித்து, காயத்துக்கும் அது நேர்ந்த விதத்துக்கும் உரிய எண்ணைப் போடும் வேலை என்று எவ்வளவு சொன்னாலும், என் அம்மா, “எம்பொண்ணு கம்ப்யூட்டர்ல டாக்டர்” என்றே நாங்கள் குடியிருந்த கோர்படிப் பேட்டை முழுக்கச் சொல்லிவைத்திருந்தாள். அதைக் கேட்ட நாள் முதல் நான் உனக்கு ‘டாக்டரம்மா’ ஆகிவிட்டேன்.

ஆபீஸில் என் பக்கத்து இருக்கைக்காரி நீ. எனக்கு முன்பே சேர்ந்து நிரந்தரமானவள். நான் புரொபேஷனில் இருந்தேன். போசரியில் அப்பா வேலை பார்த்த பட்டறை மூடிவிட்டதும், என் சம்பளம் நின்றால் எங்கள் அடுப்பும் நின்றுவிடும் என்பதும் உனக்குத் தெரியும்.

கீழே விழுந்த கேஸ் வந்தால் நீ எண்ணைத் தேட மாட்டாய். எழுந்து நின்று, விழுந்து காட்டுவாய். நம் டீம் லீடர் மேடம் தலையில் அடித்துக்கொள்வார். “முதல்ல அவங்களோட சேர்ந்து விழுடி, அப்புறம் கோட் போடு” என்பாய்.

கடலே இல்லாத ஊரில் எனக்கு ஒரு கப்பல் கேஸ் வந்தது. கப்பலில் விழுவதற்கென்றே தனி எண்கள் உண்டு. விழுந்தவர் பயணியா ஊழியரா என்பதைப் பொறுத்துக் கடைசி இலக்கம் மாறும். பயணிகள் கப்பலின் படியில் ஒரு பெண் விழுந்து மணிக்கட்டை முறித்துக்கொண்டிருந்தாள். உடைந்த பீங்கான் முன்கைகளைக் கிழித்திருந்தது. அவள் யாரென்று சார்ட்டில் இல்லை. உல்லாசக் கப்பலில் வேறு யார் இருப்பார்கள், பயணி என்று போட்டு முடிக்கப் போனேன்.

“அரே, ருக். நில்லுடி, அவ கையில என்னடி இருந்துச்சு?”

கேன்டீன் தட்டுகளை அள்ளி வந்து மார்பு வரை அடுக்கிக்கொண்டு ஆபீஸ் படியில் இறங்க ஆரம்பித்தவள், பாதியில் நின்றுவிட்டாய்.

“அடுத்த படியே தெரியலடி. காசு குடுத்து வந்தவ இத்தனை தட்டத் தூக்குவாளா?”

நாமாக ஊகித்தும் எண் போடக் கூடாது. சார்ட் எழுதிய டாக்டரிடம் கேட்க வேண்டும். பதில் வரும்வரை சார்ட் நிற்கும். புரொபேஷன்காரர்கள் சார்ட்டை நிறுத்தினால் மேடத்துக்கு ஆகாது. வேண்டாம்டி என்று கெஞ்சினேன், நீ விடவில்லை. கேள்வியை அனுப்பினேன். மேடம் இந்தியில் பொரிந்து தள்ளினார். என்னை நிரந்தரமாக்குவதையே யோசிக்க வேண்டும் என்றார். நீ எழுந்து, நிறுத்தச் சொன்னது நான்தான், குறை எழுதுவதானால் என் பேரில் எழுதுங்கள் என்றாய். அடிப்பாவி, உன்னை நம்பியும் ஒரு வீடு இருந்ததே!

பதில் வந்தது. அவள் கப்பலின் சாப்பாட்டுக் கூடத்தில் பரிமாறுகிறவள். மேடம் அதைத் தானே ஒருமுறை படித்தார். சந்தேகம் வந்தால் கேளுங்கள் என்று எல்லோருக்கும் சொன்னார். அந்த மாதமே எனக்கு வேலை நிரந்தரமானது. அப்பா உனக்கென்று வாங்கிவந்த பாகர்வடியை எங்கள் வீட்டிலேயே உட்கார்ந்து தின்று தீர்த்தாய்.

பிறகு ஒரு மழைக்காலத்தில் காய்ச்சல் என்று படுத்தவள் எழுந்திருக்கவே இல்லை. நன்றி என்று உன் முகத்துக்கு நேரே நான் சொன்னதில்லை. சொன்னால் கிண்டல் பண்ணியே கொன்றிருப்பாய். இப்போது சொல்கிறேன், கேட்டுக்கொள். என் வீட்டு அடுப்பு உன்னால் எரிந்தது. விழுந்தவர்களைத் திட்ட வராத வாயும் நீ கொடுத்ததுதான்.

காலையில் மகளின் முழங்காலைத் துடைத்துவிட்டு, தட்டுகளைப் பொறுக்கி மார்பு வரை அடுக்கி, அவள் விழுந்த இடத்தில் போய் நின்றேன். அடுத்த படி தெரியவில்லை. அவள் அப்பாவை மேலே கூப்பிட்டு, அடுக்கை அவர் கையில் கொடுத்து, “இறங்குங்க” என்றேன்.

ஒரு படி இறங்கியவர் அப்படியே நின்றார். பிறகு மகளைப் பார்த்து, “வலிக்குதாம்மா?” என்று கேட்டார்.