வரிசையில் இறந்தவனை வீட்டில் இறந்ததாக எழுதியது

அனுப்புநர்:
ஆட்டோக்காரனின் அம்மா,
பெட்ரோல் பங்க்குக்குப் பின் தெரு, கடைசி வீடு.

பெறுநர்:
எரிபொருள் வழங்கல் அதிகாரி அவர்கள்.

பொருள்: என் மகன் இறந்த இடத்தைத் தங்கள் அறிக்கையில் திருத்தித் தருதல் தொடர்பாக.

மதிப்புக்குரிய ஐயா,

இந்த மனுவை எனக்கு யாரும் எழுதிக் கொடுக்கவில்லை. ஐந்தாவது வரை படித்திருக்கிறேன், என் கையாலேயே எழுதுகிறேன்.

1. எண்ணெய்க் கப்பல் வரவில்லை என்று நாடே வரிசையில் நின்றபோது என் மகனும் ஆட்டோவோடு நின்றான். இறங்கினால் இடம் போய்விடும் என்று ராப்பகலாக வண்டியிலேயே கிடந்தான். தங்கள் ஜீப் வந்து நிரப்பிக்கொண்டு போனதைப் பார்த்து, "ஐயாவுக்கு மட்டும் பின்வாசல்ல பெட்ரோல் ஊறுது பாரு" என்று சிரித்தானாம். பின்னால் நின்ற கார்க்காரர் சொன்னார். அவன் கடைசியாகப் பேசியது அதுதான்.

2. வரிசையில் யாரும் இன்ஜினைப் போடுவதில்லை. இருக்கிற சொட்டும் வீணாகும் என்று பின்னால் நிற்பவர் முன்வண்டியைத் தள்ளிவிடுவார். வெயிலில் எப்போதோ என் மகன் உயிர் போயிருக்கிறது. தூங்குகிறான் என்று தள்ளிக்கொண்டே வந்திருக்கிறார்கள். பிணம் வரிசை தப்பாமல் பம்பு வரை போய்ச் சேர்ந்தது. எத்தனை லிட்டர் என்று கேட்டு அதட்டிப் பார்த்த பங்க் ஆள், பதில் வராததால் ஓரங்கட்டச் சொல்லிவிட்டு அடுத்த வண்டிக்குப் போட்டார்.

3. சேதி கேட்டு நானும் மருமகளும் பங்க்குக்கு ஓடினோம். ஆம்புலன்ஸுக்கு டீசல் இல்லை என்றார்கள். வண்டியை வீடு வரை தள்ளிவிட ஒரு கை கொடுங்கள் என்று வரிசையில் நின்றவர்களைக் கேட்டேன். "எடம் போயிடும்மா" என்றார்கள். மருமகள் அவனைத் தோளில் சாய்த்துக்கொண்டு ஹேண்டில்பாரைப் பிடித்தாள். பெற்றவள் நான் தள்ளினேன்.

4. அதைத் தாங்கள் பிடித்துக்கொண்டீர்கள். "வாகனம் தானாக வரிசையை விட்டு விலகியது. ஓட்டுநர் வீட்டில் இறந்தார். வரிசையில் உயிரிழப்பு இல்லை" என்று அறிக்கை விட்டீர்கள். இப்போது என் பேத்தியைப் பார்த்து, "உங்கப்பா வீட்ல குடிச்சுட்டுத்தானே செத்தாரு" என்று கேட்கிறார்கள். டீயைத் தவிர எதையும் குடிக்காதவன், ஐயா. கார்க்காரரைச் சாட்சி சொல்லக் கூப்பிட்டேன். அடுத்த தடவை பெட்ரோல் தர மாட்டார்களே என்கிறார்.

நிவாரணம் வேண்டாம். நான் கையேந்தி வளர்ந்தவள் இல்லை. வரிசையில்தான் இறந்தான் என்று திருத்தி, கையெழுத்துப் போட்டு, அந்த பங்க் சுவரில் ஒட்ட வேண்டும்.

மனு கொடுக்க வந்த என்னையும் தங்கள் வாசலில் வரிசையில்தான் நிறுத்தியிருக்கிறார்கள். வெயில் ஏறிவிட்டது. எனக்கு ஏதாவது ஆனால் வீட்டுக்குத் தூக்கிப் போகக் கூடாது என்று மருமகளிடம் சொல்லிவிட்டேன். தாங்கள் வெளியே வந்து பார்த்து எழுதும்வரை இங்கேயே கிடப்பேன்.

நாள்: இன்று, வெள்ளிக்கிழமை
இடம்: தங்கள் அலுவலக வாசல்

இப்படிக்கு,
அவனைப் பெற்றவள்
(கைநாட்டு அல்ல, கையெழுத்து)