அம்மாவின் வட்டம் இன்னும் திறந்திருக்கிறது

கரியாக்கூ தீவு, கரீபியன் கடல்,
மே மாதம், மழைக்கு முன்.

பாசமுள்ள லாரிஸ்டன் அண்ணனுக்கு,

தங்கை யூனிஸ் எழுதுவது. இங்கே எல்லோரும் சுகம். உன் ஹடர்ஸ்ஃபீல்டில் குளிர் விட்டதா? கம்பளி ஆலையில் வேலை வேலை என்று சாப்பிடாமல் கிடக்காதே.

அம்மாவின் கல்லறைக்குக் கல் நாட்டிவிட்டோம். நீ வரவில்லை. உன்னைத் திட்டத்தான் பேனாவை எடுத்தேன். ஆனால் அன்று நான் பார்த்ததை முதலில் சொல்லாவிட்டால் என் நெஞ்சு வெடித்துவிடும்.

ஆட்டுக்கறி, சோள மாவு உருண்டை, முன்னோருக்குத் தனித் தட்டு என்று எல்லாம் முறைப்படி நடந்தது. மதியத்துக்குமேல் நம் மேளக் குழு முற்றத்தில் உட்கார்ந்தது. தலைமேளம் கொஸ்மோவிடம். ஆமாம், ரம் பீப்பாயை அறுத்து நீயே தோல் கட்டிய அதே மேளம்தான். நீ கப்பலேறியதும் கேட்காமல் எடுத்துக்கொண்டானே, அதற்காகத்தானே "அது அவன் கையில் இருக்கும்வரை ஆட்ட வட்டத்தில் கால் வைக்கமாட்டேன்" என்று எழுதினாய்?

முதலில் முன்னோருக்காக வட்டத்தைக் காலியாக விட்டோம். ரம் தெளித்தோம், தண்ணீர் தெளித்தோம். ஆப்பிரிக்காவிலிருந்து வந்த நம் தெம்னே குலத்து மேள அடி எழுந்தது. நம் வீட்டில் தலைமகன் இறங்கினால்தானே மற்றவர்கள் இறங்கலாம்? நான் இறங்கட்டுமா என்று கேட்டேன். "நில்லு யூனிஸ். அவன நான் கூப்பிடுறேன்" என்றான் கொஸ்மோ.

மேளத்தாலேயே உன்னைக் கூப்பிட்டான், அண்ணா! அம்மாடி, என்ன கூப்பிடல் அது! வெயில் இறங்கியது, அவன் நிறுத்தவில்லை. ஊரே சுற்றி நின்றது. ஒரு குழந்தைகூட உள்ளே கால் நீட்டவில்லை. கடல் தாண்டி உனக்குக் கேட்கும் என்றே நம்பிவிட்டேன். அவன் விரல் தோல் உரிந்து மேளத்தில் ரத்தம் ஒட்டியது. "போதும்யா, கையப் பாரு" என்று அவன் பெண்டாட்டி அழுதாள். "அவன் கோவம் எம்மேல. அவங்கம்மா என்ன பண்ணாங்க?" என்றான் அவன்.

இருட்டியதும் யாரும் ஆடாமலே கலைந்தோம். வட்டத்தை மூடும் பாட்டை அவன் பாடவிடவில்லை.

இப்போது கேள். நம் தீவின் ஆட்டத்தைக் காட்டச் சொல்லி ஆகஸ்டில் குழுவை இங்கிலாந்துக்கு அழைத்திருக்கிறார்கள். முதல் நாள் உன் ஊர் மண்டபத்தில்தான். எடுத்ததும் தெம்னே அடிதானாம். "மேளத்த அவங்கிட்டயே குடுத்துடுறேன். ஆனா மொதல்ல ஆடட்டும், அப்புறம் அடிக்கட்டும்னு எழுது" என்கிறான் கொஸ்மோ. திமிரைப் பார்!

வேடிக்கை பார்க்க வரும் வெள்ளைக்காரர்கள், வட்டம் காலியாகக் கிடப்பதும் ஆட்டத்தில் சேர்ந்தது என்று நினைப்பார்கள். நினைக்கட்டும். யாருக்காகக் காலி என்று உனக்குத் தெரியும்.

அந்தக் கம்பளிக் காலுறையைக் கழற்றிவிட்டுப் போ, அண்ணா. வெறுங்காலோடு இறங்கு. அம்மாவின் ஆசி உன் காலடியில் இருக்கட்டும்.

உன் பதிலுக்கு அல்ல, உன் ஆட்டத்துக்குக் காத்திருக்கும்
யூனிஸ்