மணலில் படுக்க வரும் மகனுக்கு

நீடாமங்கலம்
3.1.1994

அன்பு மகன் அரசப்பனுக்கு அப்பா ரெத்தினம் எழுதுவது. இங்கே நானும் உன் அம்மாவும் மாடு கன்றும் சுகம். அங்கே நீயும் மருமகளும் சுகமாக இருப்பீர்கள், புருனோவின் சுகத்தைத் தனியாக விசாரிக்க வேண்டியதில்லை, உன் கடிதத்தில் பாதிக்கு மேல் அந்த நாயின் சுகம்தான் இருந்தது. வண்டியில் ஏறினால் வாந்தி எடுக்கும், கோழியை வேகவைத்துத்தான் கொடுக்க வேண்டும், வெயில் ஆகாது, எல்லாம் தெரிந்துகொண்டோம். உன் அம்மாவின் முழங்கால் வலியைப் பற்றி முன்பு எழுதியிருந்தேன், அதற்குப் பதிலைக் காணோம், போகட்டும்.

பொங்கல் லீவுக்குப் புது மாருதி வேனில் பாண்டிச்சேரியிலிருந்து கோடியக்கரை வரை கடலோரமாகவே அவசரமில்லாமல் வரப்போகிறாய், லாட்ஜ் வேண்டாம், துணிக் கூடாரம் அடித்து மணலில் படுக்கப் போகிறாய், வழியில் நம் வீட்டை ஒரு மணி நேரம் எட்டிப் பார்ப்பாய், அப்படித்தானே. படித்துக் காட்டியதும் உன் அம்மா பெங்களூர்ல வீட்ட காலி பண்ணச் சொல்லிட்டாங்களா என்று கேட்டாள். இல்லை, இது சந்தோஷத்துக்குச் செய்வது என்றேன், அவளுக்குப் புரியவில்லை. எனக்கு வெளியில் படுத்து நல்ல பழக்கம் உண்டு தம்பி. பண்ணையார் களத்தில் அறுப்புக் காலம் முழுக்க நெல்லுக்குக் காவல் படுத்தவன் நான், வைக்கோலை உதறிப் போட்டுப் படுப்பேன், பனி கொட்டும், பக்கத்தில் பண்ணை வீட்டு நாய் படுத்திருக்கும். அந்த நாய்க்குப் பெரிய வீட்டிலிருந்து சோறு வரும், எனக்கு வராது. கூலியில் அரைப்படி நெல் கூடக் கேட்டோம் என்று நம் தெருக் குடிசைகளைப் பிரித்துப் போட்டார்களே, அப்போது நீ கைக்குழந்தை, வாய்க்கால் கரையில் நாலு கம்பு நட்டு உன் அம்மாவின் சேலையைக் கட்டி அதற்குள் கிடந்தோம். அதுவும் துணிக் கூடாரம்தான், உல்லாசப் பயணம் என்று எங்களுக்குத் தெரியாமல் போய்விட்டது. மனைப் பட்டாவுக்கு எத்தனை ஊர்வலம், இந்த மூன்று மா நிலத்துக்கு எத்தனை வாய்தா, எல்லாம் முடிந்து தளம் போட்ட வீடும் கட்டியாயிற்று, அதில் நீ ஒரு ராத்திரி படுத்ததில்லை. குடிபுகுந்த அன்றைக்குக்கூடச் சாப்பிட்டுவிட்டு மன்னார்குடி லாட்ஜுக்குப் போய்விட்டாய், மருமகளுக்குக் கொசு ஆகாது என்றாய். கடற்கரைக் கொசு உங்களை ஒன்றும் செய்யாது போலிருக்கிறது.

ஆனாலும் பெற்ற பிள்ளை கேட்டுவிட்டானே என்று, பூம்புகார் பக்கம் இடம் பார்க்க மாயவரத்தில் பஸ் மாறிப் போய் வந்தேன். நீ கேட்ட மாதிரி ஆள் நடமாட்டமில்லாத அமைதியான மணல் இருக்கிறது. விடியற்காலையில் ஊரே அங்கேதான் ஒதுங்குகிறது, மற்ற நேரத்தில் யாரும் அந்தப் பக்கம் போவதில்லை. மீனவர் குப்பத்தில் வெளியாள் தங்குவதென்றால் அவர்கள் ஊர்த் தலைவரிடம் சொல்லிவிட வேண்டும், நாட்டார் என்பார்கள், படகும் வலையும் கிடக்கிற இடம் என்பதால் அது அவர்கள் கட்டுப்பாடு. அவரைப் பார்த்து விஷயத்தைச் சொன்னேன். மகனுக்கு என்ன வேலை, உங்களுக்கு எந்த ஊர், எந்தத் தெரு, சொந்த வீடு இருக்கா, ஓடா தளமா என்று எல்லாம் விசாரித்துவிட்டு என்னை உட்கார வைத்து டீ வாங்கிக் கொடுத்தார். பெரியவரே, சொந்த வீடு இருக்கறப்ப புள்ள பொண்டாட்டியையும் நாயையும் கூட்டிக்கிட்டு வந்து மணல்ல படுக்கறார்னா உங்களுக்குள்ள என்னங்க சண்டை என்றார். சண்டை எதுவும் இல்லை, பட்டணத்தில் இப்போது இதுதான் வழக்கம் என்றேன். என் முகத்தைப் பார்த்துத் தலையை ஆட்டினார், நம்பவில்லை.

போன வெள்ளிக்கிழமை அவரும் அவர் மனைவி அம்சமும் கூடை நிறைய மீனோடு நம் வீட்டு வாசலில் வந்து நிற்கிறார்கள். சமாதானம் பேச வந்தார்களாம். முன்பின் தெரியாத மனுஷர் என் வீட்டுக் கூடத்தில் உட்கார்ந்துகொண்டு நீங்கதாங்க பெரியவரு, நீங்கதான் விட்டுக்கொடுக்கணும் என்று எனக்குப் புத்தி சொன்னார், உன் படிப்புக்கு எனக்குக் கிடைத்த மரியாதை இது. நான் வாயைத் திறப்பதற்குள் உன் அம்மா மீன் கழுவிக்கொண்டிருந்தவள் எழுந்து வந்தாள். சண்டையெல்லாம் இல்லீங்க, சண்டை போடறதுக்காவது அவன் வந்து இருக்கணும்ல என்று சொல்லிவிட்டுக் கொல்லைப்பக்கம் போய்விட்டாள். அம்சம் அவள் பின்னாலேயே போனார். மத்தியானம் அந்த மீனைத்தான் குழம்பு வைத்துப் பரிமாறினார்கள். குழம்பு நன்றாக இருந்தது, நான்தான் சரியாகச் சாப்பிடவில்லை.

போகும்போது அந்த மனுஷரிடம் பொங்கலுக்கு என் மகன் என் இடத்தில்தான் படுப்பான் என்று சொல்லி அனுப்பிவிட்டேன். உன்னைக் கேட்காமல் சொன்னது தப்பென்றால் நீயே பூம்புகார் போய் அவரிடம் சொல்லிக்கொள். மருமகளுக்கு வீட்டுக்குள் கட்டிலும் கொசுவலையும் இருக்கிறது. உனக்கு வெளியில்தான் படுக்க வேண்டுமென்றால் தை பிறந்ததும் அறுப்பு, களத்தில் நெல் கிடக்கும், காவலுக்கு ஆள் வேண்டும், கூடாரத்தை அங்கே கொண்டுவந்து அடி. அது நம் களம், யாரையும் கேட்க வேண்டியதில்லை. புருனோவும் உன்னோடு படுக்கட்டும். அதற்கு வீட்டிலிருந்து சோறு வரும், உனக்கும் வரும்.

பனிக்குத் தலையில் துண்டு கட்டிக்கொள், வேனை நிதானமாக ஓட்டு. நீயும் மருமகளும் நோய்நொடி இல்லாமல் நீண்ட நாள் நன்றாக இருக்க வேண்டும் என்று அம்மாவும் நானும் வாழ்த்துகிறோம். கோழியை எவ்வளவு நேரம் வேகவைக்க வேண்டும் என்று உன் அம்மா கேட்கிறாள், மறக்காமல் எழுது.

இப்படிக்கு
உன் அப்பா
க. ரெத்தினம்