வாய்தாவில் கூப்பிடும் பெயர்

பிரிஸ்கில்லா,

ஜெயிலில் கடைசியாக மனுப் போட்டு அவனைப் பார்த்தபோது உன் அண்ணன், "ஏம்மா, உள்ள கெடக்குறது நானா நீயா? இம்புட்டு எளச்சுட்ட!" என்று சிரித்தான். காசநோயோடு ஜாமீனில் வந்தவன் மறுவாரமே போய்விட்டான்.

உன் சட்டப் புத்தகத்தில் நீ கோடு போட்ட பக்கத்தைப் படித்தேன். குற்றம் சாட்டப்பட்டவர் இறந்தால் வழக்கு அதோடு முடிந்துவிடும்; நிரபராதி என்று தீர்ப்பு வராது. அதனால்தான் இறப்புச் சான்றிதழைக் கொடுக்காதே என்று நேற்று கத்தினாய்.

ஆனால் வாய்தாவுக்கு வாய்தா கோர்ட்டு வாசலில் டவாலி அவன் பெயரைக் கூப்பிடுகிறார். வரவில்லை என்று வாரண்டும் போட்டுவிட்டார்கள். செத்தவனை ஓடிப்போனவன் என்கிறார்கள். அதைக் கேட்டுக்கொண்டு நிற்க என்னால் முடியாது. சான்றிதழைக் கொடுக்கத்தான் போகிறேன்.

சாவி பக்கத்து வீட்டு ஷரீஃபா அக்காவிடம் இருக்கும். சாப்பிடாமல் காலேஜுக்குப் போகாதே.

அம்மா

கோர்ட்டு சொல்லாவிட்டாலும், அந்தப் பைக்கை அவன் திருடவில்லை.