மனுவில் என் பெயர்

வேங்கிக்கால்
14.11.1996

அன்புள்ள தம்பி தருமனுக்கு,

அண்ணன் பரசுராமன் எழுதுவது. உன் மனைவி காசியம்மாளும் பிள்ளைகளும் என் வீட்டில்தான் இருக்கிறார்கள். உன் ஆட்டோ இன்னும் போலீஸ் ஸ்டேஷன் வாசலில் நிற்கிறது. சீட்டைக் கோழிகள் கிளறிவிட்டன.

அப்பீல் மனுவில் நீ கையெழுத்துப் போடவில்லையாம். “அண்ணன் பேரை எடுத்துட்டு எழுதினா போடறேன்”னு சொல்லி அனுப்பியிருக்கிறாய். அந்தப் பெயரை எடுத்துவிட்டால் மனுவில் ஒன்றுமே இல்லை, தம்பி.

செங்கம் ரோட்டில் ரூம் எடுத்திருந்த வெள்ளைக்காரன் கேட்டான் என்று கஞ்சா வாங்கிக் கொடுத்தாய். அதற்குத் திட்டியாயிற்று. ஆனால் பொட்டலம் இருந்தது அவன் பையில். ஸ்டேஷனில் அவனுக்கு நாற்காலி போட்டார்கள். நீ ஜட்டியோடு தரையில். எந்தத் தெரு என்று இன்ஸ்பெக்டர் கேட்டார். காலனி என்றேன். அதன்பிறகு எம்.ஏ. படித்த என்னையும் நிற்கவே வைத்தார். சென்னையிலிருந்து அவனுக்கு வக்கீல் வந்தார். மறுநாள் எழுதிய கேஸில் அவன் பெயரே இல்லை, பை உன்னுடையதாகிவிட்டது.

ஏழு மாதம் கழித்து ஏட்டு சொன்னார்: “ஒத்துக்கச் சொல்லு வாத்தியாரே. இருந்த நாளைக் கழிச்சிட்டு ஃபைனோட அனுப்பிடுவாங்க.” கார்த்திகை தீபத்துக்கு முன்னால் காலனியில் நாலு பேரைப் பிடித்துச் சீட்டாட்டக் கேஸ் போடுவார்களே, அப்படித்தான் இதுவும் என்று நினைத்தேன். கஞ்சாச் சட்டம் வேறா என்று ஒரு வக்கீலைக்கூட நான் கேட்கவில்லை.

குற்றத்தை ஒப்புக்கொள்கிறாயா என்று நீதிபதி கேட்டதும் நீ என்னைத் திரும்பிப் பார்த்தாய். தலையசைத்தேன். “ஆமாங்கய்யா” என்றாய். நாலு வருஷம்.

இப்போது வகுப்பில் எந்தப் பையன் எழுந்து “ஆமாங்கய்யா” என்றாலும் எழுதுகிற கை நின்றுவிடுகிறது. பிள்ளைகள் சிரிக்கிறார்கள்.

இதுவரை சொல்லாத ஒன்று. ஏட்டை நம்பியது பாதிதான். விசாரணை நடந்தால் பேப்பரில் வரும், நீ என் தம்பி என்று பள்ளிக்கூடத்தில் தெரிந்துவிடும் என்று பயந்தேன். இருபது வருஷமாக என் டம்ளரைத் தனியாக வைக்கிறவர்கள் முன்னால் இன்னும் ஒருபடி இறங்க வேண்டுமே என்று பயந்தேன். அவர்களை நான் மன்னிக்கப் போவதில்லை. ஆனால் அந்த ஒருபடி இறங்காமலிருக்க விலையாக உன்னைக் கொடுத்தேன்.

அதனால் மனுவில் என் பெயர் இருக்கும். ‘அண்ணன் சொன்னதால் விவரம் தெரியாமல் ஒத்துக்கொண்டேன்’ என்ற வரியும் இருக்கும். மாதக் கடைசியோடு கெடு முடிகிறது. காசியம்மாள் சனிக்கிழமை வேலூர் ஜெயிலுக்கு மனுவோடு வருவாள். உடம்பைப் பார்த்துக்கொள். ஒருமுறை என் பேச்சைக் கேட்டாய். இன்னும் ஒரே ஒருமுறை கேள், சாமி.

உன் அண்ணன்,
பரசுராமன்