என் ஊத்தாவுக்குள் உங்கள் கை

அன்பையும் அதட்டலையும் பிரித்துக் காட்டத் தெரியாத என் அத்தைக்கு,

இன்று கல்லறைத் திருநாள். காலையில் மூவருமாக வந்து உங்கள் கல்லறைக்குச் சுண்ணாம்பு அடித்து, செவ்வந்தி மாலை போட்டு, மெழுகுவர்த்தி ஏற்றிவிட்டுப் போனோம். உங்கள் மகன் அடித்த சுண்ணாம்பு திட்டுத் திட்டாக இருந்தது. நான் மறுபடி அடித்தேன். பேத்தி ஸ்டெல்லா ஒரு பொட்டலம் காராச்சேவு வைத்துவிட்டு, "அப்பாயி இத எப்பப்பா திங்கும்?" என்று கேட்டாள். உங்கள் மகன் திருதிருவென்று முழித்தார். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. கல்லறைத் திருநாளில் மாமியார் தலைமாட்டில் நின்று சிரிக்கிறாள் என்று ஊர் பேசும். பேசட்டும்.

நீங்கள் போய் எட்டு மாதம் ஆகிறது. உங்களுக்கு எழுத்து வாசனை கிடையாது. நெய்க்காரப்பட்டிக்கு வந்த பிறகு உங்களுக்கு வந்த கடுதாசியெல்லாம் நான்தான் படித்துக் காட்டினேன். இதை அங்கே யார் படித்துக் காட்டுவார்கள்? இங்கே யாராவது சத்தம் போட்டுப் படித்தால் உங்கள் காதில் விழும் என்று ஒரு நம்பிக்கையில் எழுதுகிறேன்.

ஒன்பது வருடம் ஒரே அறையில் பாய் விரித்துப் படுத்தோம். எதைத்தான் பேசவில்லை? ஆனால் குளத்தில் இறங்கிய அந்த நாளைப் பற்றி மட்டும் நீங்களும் வாய் திறக்கவில்லை, நானும் திறக்கவில்லை. இன்றைக்குத் திறக்கிறேன். நீங்கள் குறுக்கே பேச முடியாது பாருங்கள், அந்தத் தைரியம்தான்.

அப்போது எனக்குக் கல்யாணமாகி ஒன்றரை வருடம். திண்டுக்கல்லில் உங்கள் வீட்டில் நான் பேசியது ரொம்பக் குறைவு. பேச வேலையே இல்லை. காய்காரி என்னிடம் கேட்டால் நீங்கள் பதில் சொல்வீர்கள். டாக்டர் எனக்கு எங்கே வலிக்கிறது என்று கேட்டபோதுகூட, "அவளுக்கு எடது விலாவுல சாமி" என்று நீங்கள்தான் சொன்னீர்கள். வலித்தது வலது விலாவில். நான் வைத்த குழம்பில் இன்னும் கொஞ்சம் புளி கரைத்து ஊற்றுவீர்கள். என் டிரங்குப் பெட்டியைக் கலைத்து உங்கள் வழக்கப்படி அடுக்கி வைப்பீர்கள். எனக்கு வரும் கடிதத்தை உங்கள் மகனிடம் கொடுத்துப் படிக்கச் சொல்லிவிட்டு, பிறகுதான் என்னிடம் தருவீர்கள்.

நெய்க்காரப்பட்டிப் பங்குச் சாமியாரின் கடிதமும் அப்படித்தான் வந்தது. ஆசிரியர் பயிற்சி முடித்த கையோடு, கல்யாணத்துக்கு முன்பே நான் எழுதிப் போட்டிருந்த வேலை. கோயில் பள்ளிக்கூடத்தில் ஜூன் மாதம் சேரலாம், தங்குவதற்கு அறையும் உண்டு என்று எழுதியிருந்தார். எனக்கு அந்த வேலை வேண்டும் என்று இருந்தது அத்தை. பசியில் சோறு வேண்டும் என்று இருக்குமே, அப்படி இருந்தது. ஆனால் கடிதத்தைப் படித்து முடிக்கும் முன்பே நீங்கள் தீர்ப்புச் சொல்லிவிட்டீர்கள்.

"நாப்பது மைலு தள்ளிப் போயி மருமக தனியாத் தங்குறதா? நல்லாருக்கு நாயம்!"

உங்கள் மகன், "அம்மா சொல்றதும் சரிதான்" என்றார். அவர் வேறு என்ன சொல்லியிருக்கிறார்?

அதோடு விட்டீர்களா? "சாமியாருக்குக் கடுதாசியில மாட்டேன்னு எழுதக் கூடாது. மரியாதையில்ல. நேர்ல போயி நான் சொல்லிக்கிறேன், நீ கூட வா" என்று என்னையும் கிளப்பினீர்கள். வேண்டாம் என்று சொல்வதற்காக நாற்பது மைல் பஸ் ஏறினோம். வழி முழுக்க நான் ஜன்னல் பக்கம் திரும்பி அழுதுகொண்டு வந்தேன். தூசி என்று நினைத்து நீங்கள் ஜன்னலை இறக்கச் சொன்னீர்கள். அழுகை என்று தெரிந்தேதான் சொன்னீர்களா?

ஒட்டன்சத்திரம் தாண்டியதும் டயர் வெடித்தது. மாற்று டயரும் ஏற்கெனவே பஞ்சர். கண்டக்டர் ட்யூபைத் தோளில் போட்டுக்கொண்டு, ஒட்டன்சத்திரம் போகும் லாரியில் தொற்றினார். "செத்த நேரந்தான், வந்துருவேன்" என்று போனவர் திரும்ப மத்தியானம் ஆனது.

ரோட்டை ஒட்டி ஒரு குளம். கரை முழுக்க ஜனம். எல்லார் கையிலும் ஊத்தா, அதுதான் மூங்கில் குச்சியில் பின்னிய, மேலும் கீழும் திறந்த கூடை. தண்ணீர் முழங்கால் மட்டுக்கு வற்றியிருந்தது. ஊரே சேர்ந்து மீன் பிடிக்கும் நாள் அது. கரையில் நின்ற கந்தப்பன் என்பவர் நம்மைப் பார்த்துக் கூப்பிட்டார்.

"ஏனுங்க அம்மா, பஸ்சு கெட்டுப் போச்சுங்களா? சும்மா நிக்கறதுக்கு நீங்களும் எறங்குங்க. இன்னைக்குக் கொளம் எல்லாத்துக்கும் பொதுவுங்க. வழியில போறவிங்களும் புடிக்கலாமுங்க. விக்க மட்டும் கூடாது, ஆக்கித் திங்கோணும்."

நான் உங்கள் முகத்தைப் பார்த்தேன். கூடாது என்பீர்கள் என்றுதான் நினைத்தேன். நீங்களோ விரல் விட்டு எண்ணிக்கொண்டிருந்தீர்கள். அன்று வெள்ளிக்கிழமை. அதுவும் தபசு காலம்.

"கறிதான திங்கக் கூடாது. மீனு திங்கலாம்ல?" என்று உங்களுக்கு நீங்களே கேட்டு, நீங்களே தலையாட்டி, வெள்ளைச் சேலையைத் தூக்கிச் செருகினீர்கள். கோயிலுக்குப் போகும்போது கணுக்கால் தெரிந்தால்கூட என்னை முறைக்கிற மனுஷி!

ஊர்ப் பெரியவர் கரைமேல் நின்று வெள்ளைத் துண்டை வீசினார். ஒரே சத்தம். அத்தனை பேரும் குளத்துக்குள். கந்தப்பன் நமக்கு ஆளுக்கொரு ஊத்தா கொடுத்திருந்தார். கலங்கிய தண்ணீரில் சதக் சதக்கென்று குத்திக்கொண்டே நடக்க வேண்டும். உள்ளே மீன் சிக்கினால் கூடை அதிரும். அப்போது மேல்வாய் வழியாகக் கையை விட்டுப் பிடிக்க வேண்டும். சொல்ல எவ்வளவு சுலபம்! நாம் குத்தியதெல்லாம் சேறு. நீங்கள் இரண்டு தடவை உட்கார்ந்தே விட்டீர்கள். எழுந்ததும், "ஒன்னாலதான்டி" என்று என்னைத் திட்டினீர்கள்.

பத்து மணி வாக்கில் என் ஊத்தா அதிர்ந்தது. பெரிய அதிர்வு. பாம்பாக இருந்தால்? முள்ளால் குத்தும் கெளுத்தியாக இருந்தால்? நான் யோசித்து முடிப்பதற்குள் நீங்கள் உங்கள் ஊத்தாவைப் போட்டுவிட்டு ஓடி வந்து, என் ஊத்தாவுக்குள் தோள்வரை கையை விட்டுவிட்டீர்கள்.

சுற்றி இருந்த அத்தனை பேரும் கத்தினார்கள். "கைய எடுங்க! கைய எடுங்க!" நீங்கள் பாம்பு என்று நினைத்துப் பதறி எடுத்தீர்கள். கந்தப்பன் தண்ணீரைத் தள்ளிக்கொண்டு வந்தார்.

"அடுத்தவிங்க ஊத்தாக்குள்ள கை வுடலாமுங்களா? அது இங்க பெரிய தப்புங்க."

"அடுத்தவளா? என் மருமக ஊத்தாய்யா! அவ வேற நான் வேறயா?"

"மருமவளா இருந்தா என்னங்க, மவளா இருந்தா என்னங்க? ஊத்தாவப் புடிச்சிருக்கறது அவிங்க. உள்ள கெடக்கறத அவிங்கதான் எடுக்கோணும். எடுத்தாலுஞ் சரி, வுட்டாலுஞ் சரி. நாம பாத்துக்கிட்டு நிக்கறதுதானுங்க."

யாரோ ஒரு பெண், "மாமியா கை சும்மா இருக்குமாக்கும்" என்றாள். குளமே சிரித்தது. உங்கள் முகம் சுண்டிப்போனது. எனக்கு உள்ளுக்குள் சந்தோஷமாக இருந்தது அத்தை. மறைக்க மாட்டேன். ஒன்றரை வருடத்தில் உங்கள் கையை ஒருவர் எடுக்கச் சொல்லி நான் கேட்டது அன்றைக்குத்தான்.

ஆனால் மீன் உள்ளேயே கிடந்தது. இனி நான்தான் கை விட வேண்டும். பயத்தில் உங்களைப் பார்த்தேன். நீங்கள் "வாலப் பு..." என்று ஆரம்பித்து, கந்தப்பனைப் பார்த்து வாயை மூடிக்கொண்டீர்கள். வாயை மூடிக்கொண்டு நின்ற உங்களை அதற்கு முன் நான் பார்த்ததில்லை. கண்ணை மூடி, மாதாவே என்று கையை விட்டேன். வழுக்கியது, அடித்தது, தப்பியது, மறுபடி அகப்பட்டது. தூக்கியபோது முழங்கை நீள விரால்! நான் கத்திய கத்தலில் பஸ் டிரைவரே கரைக்கு வந்துவிட்டார். நீங்கள் கரையோரம் போய்க் கோரையைப் பிடுங்கி வந்து, அதன் செவுளில் கோத்து என்னிடமே கொடுத்தீர்கள்.

அதன்பின் பஸ்ஸில் நெய்க்காரப்பட்டி வரைக்கும் ஒரு வார்த்தை இல்லை. கோபம் என்றுதான் நினைத்தேன்.

சாமியார் வீட்டு வாசலில் நாம் நின்ற கோலம் இருக்கிறதே! இடுப்புவரை சேறு, கையில் விரால். ஸ்தோத்திரம் சொன்னோம். அவர் சிரித்து முடித்துவிட்டு என்னைக் கேட்டார்.

"என்னம்மா ரோஸ்மேரி, ஜூன்ல வந்து சேர்றியா?"

வழக்கப்படி நான் உங்களைப் பார்த்தேன். வேண்டாம் என்று சொல்லத்தானே வந்தோம்? நீங்கள் சுவரில் இருந்த அந்தோணியார் படத்தைப் பார்த்துக்கொண்டிருந்தீர்கள். சாமியார் மறுபடி கேட்டார். நான் மறுபடி உங்களைப் பார்த்தேன்.

"என்னய ஏன்டி பாக்குற? சாமி ஒன்னயத்தான கேக்குறாரு."

"சேர்றேன் சாமி" என்றேன். என் குரல் எனக்கே புதிதாக இருந்தது. வீட்டுக்குப் போனால் என்ன ஆகுமோ என்று நினைத்துக்கொண்டிருக்கும்போதே நீங்கள் மெல்லக் கேட்டீர்கள்.

"சாமி, தங்கக் குடுக்குற ரூம்புல ரெண்டு பேரு இருக்கலாமா?"

அப்போதுதான் எனக்குப் புரிந்தது. உங்கள் மகன் விடிந்தால் அச்சாபீஸ் போய்விடுவார். நானும் போய்விட்டால் அந்த வீட்டில் நீங்கள் மட்டும். அதைத்தான் நியாயம், மரியாதை என்று எதையெல்லாமோ சொல்லிச் சுற்றி வந்தீர்கள். தனியாக இருக்கப் பயமாக இருக்கிறது என்று ஒரு வார்த்தை என்னிடம் சொல்லியிருக்கக் கூடாதா? நான்தான் கேட்டிருக்க வேண்டுமோ?

இப்படியாக மாமியாரும் மருமகளும் நெய்க்காரப்பட்டியில், மகன் திண்டுக்கல்லில் ஓட்டல் சாப்பாட்டில். சனிக்கிழமை சாயங்கால பஸ்ஸில் அவர் வந்து இறங்கினால் விருந்தாளி மாதிரி கவனித்தோம். ஸ்டெல்லாவை நீங்கள் வளர்த்தீர்கள். நான் பாடம் நடத்தினேன். புளி விஷயத்தில் மட்டும் நீங்கள் கடைசிவரை திருந்தவில்லை. நல்ல வருடங்கள் அத்தை. எனக்கு உங்களை ரொம்பப் பிடிக்கும். அதையும் சொன்னதில்லை.

இன்னொரு சேதி. போன வாரம் சாமியார் கூப்பிட்டார். அதே சாமியார்தான், தலை முழுக்க நரைத்துவிட்டது. பழைய தலைமையாசிரியை ஓய்வு பெறுகிறார், பள்ளிக்கூடத்தை நீ பார்த்துக்கொள்கிறாயா என்று கேட்டார். "வீட்ல கேட்டுச் சொல்றேன் சாமி" என்று சொல்லிவிட்டு வேகவேகமாக நடந்து வந்தேன். கதவைத் திறந்து, "அத்தே" என்று கூப்பிட்டும்விட்டேன்.

அப்படியே நிலைப்படியில் உட்கார்ந்துவிட்டேன். அழுதேன்தான். பிறகு எழுந்து உலை வைத்தேன்.

நாளைக் காலைப் பூசை முடிந்ததும் சாமியாரிடம் போய், சரி என்று சொல்லிவிடுவேன். உங்கள் மகனுக்குச் சொல்லியாகிவிட்டது. கேட்கவில்லை, சொன்னேன். இது உங்களுக்கு நான் தரும் வாக்கு.

இப்படிக்கு,
உங்களுக்கு வாய்த்த ஒரே மருமகள்,
ரோஸ்மேரி